வேட்கைக்கு ஒரு சான்று வாக்கியம்

அகராதிப் பணியில் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்கள் நால்வருக்கும் என் ஐந்தாண்டு அனுபவத்தை எழுதித் தருமாறு தலைமைப் பதிப்பாசிரியர் என்னிடம் கேட்டார். ஊக்கமளிப்பதாக இருந்தால் நல்லது என்றும் சொன்னார். முதுகலை படித்துக்கொண்டிருந்தபோது பகுதிநேர உதவியாளராக இங்கே வந்தேன். ஆய்வேட்டை முடிப்பதற்காக இந்த மாதத்தோடு விலகுகிறேன். அனுபவம் பேசும் வயது எனக்கு இல்லை என்பதை அறிவேன். ஆயினும் ஒரே ஒரு சான்று அட்டையைப் பற்றிச் சொல்ல எனக்குத் தகுதி உண்டு. அதை எழுதியவள் நான். அதைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. அந்தக் கோபத்தை ஆற்றிவிட்டு எழுதலாம் என்று இரண்டு வாரம் காத்திருந்தேன். ஆறவில்லை. ஆகவே ஊக்கத்தை வேறு யாரிடமாவது பெற்றுக்கொள்ளுங்கள்.

ஒரு சொல்லுக்குச் சான்றான வாக்கியத்தை அட்டையில் எழுதும் முறையை உங்களுக்குப் பயிற்சியில் கற்றுத் தந்திருப்பார்கள். அதை நான் திரும்பச் சொல்லப் போவதில்லை. நம் அலுவலகம் பெருமையோடு சொல்லிக்கொள்ளும் ஒரு விதியை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். பேச்சு வழக்கிலிருந்து எடுக்கும் எந்த வாக்கியத்துக்கும், அதைச் சொன்னவரின் பெயர், வயது, தொழில், முகவரி ஆகிய நான்கும் இருக்க வேண்டும். நான் சேர்ந்த முதல் மாதத்தில் பேருந்திலும் மீன் அங்காடியிலும் காதில் விழுந்த வாக்கியங்களை முப்பது அட்டைகளில் எழுதிக்கொண்டு வந்தேன். தலைமைப் பதிப்பாசிரியர் அவற்றைச் சீட்டுக்கட்டைப் போலப் புரட்டினார்.

“இத யாரு சொன்னது?”

“உழவர்கரை பஸ்ல ஒரு அம்மா, சார்.”

“அந்த அம்மாவுக்குப் பேர் கெடயாதா?”

நான் பேரைக் கேட்டிருக்கவில்லை.

“பேர் இல்லாத வாக்கியத்த நீயே வீட்டுல உக்காந்து எழுதிட்டு வந்திருக்கலாமே. நான் எப்படி நம்பறது?” என்று சொல்லி முப்பதையும் குப்பைக்கூடையில் போட்டார்.

அன்று எனக்கு அழுகை வந்தது. ஆனால் அவர் சொன்னது சரி என்று நம்பினேன். நம்பியதோடு நில்லாமல் அவரையும் விஞ்சினேன். அகராதியின் முதல் தொகுதிக்கு முன்னோட்டமாக மாதிரிப் பகுதி ஒன்றை அச்சிடுவது குறித்து நடந்த கூட்டத்தில், பேசியவர்களின் பெயரை முதலெழுத்தாகச் சுருக்கிவிடலாம் என்று ஒருவர் சொன்னார். நான்கு பேர் இருக்கும் இடத்தில் வாய் திறக்காத நான் அன்று எழுந்து நின்றேன். “புலவருக்கு முழுப் பெயர் போடுகிறோம். தையல்காரிக்கு மட்டும் ஏன் முதலெழுத்து?” என்று கேட்டேன். கைதட்டினார்கள். அந்தக் கைதட்டலை நினைத்தால் இன்றும் எனக்குக் கூசுகிறது. தையல்காரி என்று நான் சொன்னபோது என் மனத்தில் ஒரு குறிப்பிட்ட தையல்காரி இருந்தார். அவருக்கு அதில் விருப்பம் உண்டா என்ற கேள்வி மட்டும் இல்லை.

மாதிரிப் பகுதிக்கு எனக்கு ஒதுக்கப்பட்டவை விருப்பத்தைக் குறிக்கும் சொற்கள்: ஆசை, அவா, நசை, மோகம், வேட்கை. இவற்றுள் என்னைப் பிடித்துக்கொண்டது வேட்கை. அதன் வேர் ‘வேள்’. விரும்புதல் என்பது பொருள். வேண்டுதல் அந்த வேரிலிருந்து வந்தது, வேள்வியும் வந்தது, தேர்தல் சுவரொட்டியில் கைகூப்பி நிற்கும் வேட்பாளரும் அங்கிருந்துதான் வருகிறார். வேட்கையின்மேல் அவாவும் ஏறிக்கொண்டால் அதை வேணவா என்றார்கள் இலக்கணம் எழுதியவர்கள். பழைய மருத்துவ நூல்களில் நீர்வேட்கை என்றால் தாகம். ஆகவே ஆசையை மனத்துக்கு விட்டுவிடலாம், வேட்கை உடம்புக்கும் உரியது என்று குறிப்பேட்டில் எழுதி அடிக்கோடிட்டேன்.

மோகத்தின் வரலாறு வேறு. வடமொழியில் அதன் வேர்ப்பொருள் மயங்குதல், அறிவு கலங்குதல். தமிழில் அது பெருவிருப்பத்தையும் குறிக்கிறது. ஆனால் விரும்புகிறவருக்குப் புத்தி தடுமாறிவிட்டது என்ற குற்றச்சாட்டை இன்றும் உள்ளே வைத்திருக்கிறது. பிரெஞ்சுக்காரர் ஆண்ட நம் ஊரில் ‘பிரான்சு மோகம்’ என்ற சொற்றொடரை எத்தனை முறை கேட்டிருப்பீர்கள். அதை யாரும் தம்மைப் பற்றிச் சொல்லிக்கொள்வதில்லை என்பதைக் கவனியுங்கள். அது எப்போதும் அடுத்தவர்மேல் எறியப்படும் சொல்.

வேட்கைக்குச் செய்யுள் சான்றுகள் ஏராளமாகக் கிடைத்தன. எல்லாம் பாடல்தலைவியின் வேட்கை. பெரும்பாலும் ஆண்கள் எழுதியது. இன்று உயிரோடிருக்கும் ஒருத்தி தன் வாயால் சொன்னது ஒன்றுகூட இல்லை. பேச்சில் வேட்கை என்ற வடிவம் வழங்குவதில்லை. அந்த வேர் ‘வேணும்’ என்பதில் உயிரோடிருக்கிறது. அதற்கு ஒரு சான்று கிடைத்தால் பதிவு நிறைவு பெறும் என்றார் பதிப்பாசிரியர். நான் ரொசாலி அக்காவிடம் போனேன்.

உழவர்கரையில் எங்கள் வீட்டுக்கு நான்கு தெரு தள்ளி, மாமியார் வீட்டு முன்னறையில் தையல் இயந்திரம் போட்டிருந்தார் ரொசாலி அக்கா. அவருடைய மாமனார் பிரெஞ்சுப் படையில் பணியாற்றி ஓய்வூதியம் பெற்று இறந்தவர். அப்படிப்பட்ட வீட்டை ‘சொல்தா வீடு’ என்பது நம் ஊர் வழக்கம். சுற்றுவட்டாரத்தில் அக்காவுக்கு ‘சொல்தா வூட்டு மருமவ’ என்றே பெயர். கணவர் பிரான்சில் வேலை பார்த்தார். ஆண்டுக்கு ஒரு மாதம் வந்து போவார். மனைவியை அழைத்துக்கொள்வதற்கான ஆவணங்களை இந்த ஆண்டு அனுப்புகிறேன், அடுத்த ஆண்டு அனுப்புகிறேன் என்று ஐந்து ஆண்டுகளாகச் சொல்லிக்கொண்டிருந்தார். அக்காவின் கடவுச்சீட்டும் திருமணச் சான்றிதழும் மாமியாரின் பீரோவில் இருந்தன. பீரோவின் சாவி மாமியாரின் இடுப்பில் இருந்தது.

அன்று என் சுடிதாரின் கையைச் சிறிதாக்கிக்கொண்டிருந்தார்.

“இன்னா டீச்சர், இன்னிக்கும் நோட்டுப் புஸ்தகமா?” என்றார். நான் ஆசிரியை இல்லை என்று பலமுறை சொல்லியிருக்கிறேன், அவர் கேட்டதில்லை.

“ஒரு சொல்லுக்கு உதாரணம் வேணும்க்கா. ஒன்னு ரொம்ப, ரொம்ப வேணும்னு தோணுறத நீங்க எப்படிச் சொல்வீங்க?”

“என்னையா கேக்கற? எங்க அத்தையக் கேளு. ‘பிரான்சு மோகம் புடிச்சவ’ன்னு சொல்வாங்க.” ஊசியில் நூலைக் கோத்தபடியே சிரித்தார். “அவங்க புள்ள பிரான்சு போனா அது வேலைக்காம். நான் போனா மோகமாம்.”

“அவங்க சொல்றது இருக்கட்டும். நீங்க என்ன சொல்வீங்க?”

இயந்திரத்தின் சக்கரத்தைக் கையால் பிடித்து நிறுத்தினார். உள்ளே மாமியார் இல்லை, கோயிலுக்குப் போயிருந்தார். தாழ்ந்த குரலில், ஆனால் தடுமாறாமல் சொன்னார்:

“இந்த வூட்ட வுட்டுப் போவணும். புருசன் கிட்டயா, வேற எங்கயாங்கறது ரெண்டாவது. நாக்கு வறண்டவளுக்குத் தண்ணி வேணுங்கற மாதிரி வேணும்.”

எனக்கு உடல் சிலிர்த்தது. வருந்தியதால் இல்லை, அதை நீங்கள் தெளிவாக அறிய வேண்டும். தாகம் என்ற பழைய பொருளும், வேண்டுதல் என்ற வேரும் ஒரே வாக்கியத்தில் கிடைத்துவிட்டன என்ற மகிழ்ச்சியால் சிலிர்த்தது. ஒருத்தி தன் கழுத்தில் இருந்த கயிற்றைக் காட்டினாள். நான் அதன் முறுக்கை அளந்துகொண்டிருந்தேன்.

“எழுதிக்கவா அக்கா?”

“எழுதிக்கோ, எழுதிக்கோ. புஸ்தகத்துல எங்களயா போடப் போறாங்க?”

இசைவுப் படிவத்தை நீட்டினேன். ‘பதிவுக்கும் வெளியீட்டுக்கும் இசைகிறேன்’ என்று அதில் இருந்தது. “எங்க போடணும் கையெழுத்து?” என்று கேட்டுப் போட்டார். அவர் படிக்கவில்லை. நான் படித்துக் காட்டவில்லை. முகவரிக் கட்டத்தை நானே நிரப்பினேன், அவர் நேரம் வீணாகக் கூடாதென்று.

மாதிரிப் பகுதி அச்சாகி வந்தது. வேட்கை என்ற பதிவின் கீழ், பாடல் வரிகளுக்கு அடுத்து, அந்த வாக்கியம் முழுமையாக இருந்தது. ‘ரொசாலி, 31, தையல், உழவர்கரை’ என்று தொடங்கித் தெருப் பெயர், வீட்டு எண் வரை இருந்தது. வாக்கியம் தந்த ஒவ்வொருவருக்கும் ஒரு படி அனுப்புவது நம் அலுவலக மரபு. எழுத்தாளருக்கு அனுப்புவதுபோல் அவர்களுக்கும் அனுப்புகிறோம் என்பது அதன் பெருமை. உறையில் முகவரியை நானே எழுதினேன். எந்தப் பக்கம் என்று அவர் தேடக் கூடாதே என்று மஞ்சள் தாள் ஒன்றைச் செருகி, அந்த வாக்கியத்தின் ஓரத்தில் பென்சிலால் கோடும் போட்டேன்.

அந்த வீட்டுக்கு வரும் கனமான உறை எதுவாக இருந்தாலும் அது பிரான்சிலிருந்து வந்த ஆவணமாக இருக்கலாம் என்பதை நான் எண்ணிப் பார்க்கவில்லை. அதை யார் முதலில் பிரிப்பார்கள் என்பதையும் எண்ணிப் பார்க்கவில்லை.

மூன்றாம் நாள் காலை, அலுவலகத்தில் இருந்தபோது புதிய எண்ணிலிருந்து அழைப்பு வந்தது. அக்காவின் குரல். பக்கத்து வீட்டுக் கைப்பேசியிலிருந்து பேசினார்.

“டீச்சர், கோடு வேற போட்டு அனுப்பியிருக்கியே.” அவ்வளவுதான். வைத்துவிட்டார்.

நான் உடனே போனேன். முன்னறையில் தையல் இயந்திரத்தின்மேல் போர்வை போர்த்தி, அதன் மேசையில் பூட்டுப் போட்டிருந்தார்கள். மாமியார் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மடியில் நம் மாதிரிப் பகுதி. சுவரோரம் அக்காவின் கொழுந்தன் கைப்பேசியோடு நின்றான். அக்கா சமையலறை வாசலில் நின்றார்.

“வாம்மா படிச்ச பொண்ணு,” என்றார் மாமியார். “பிரெஞ்சுல பொன்ஜூர் சொல்லி உக்கார வெக்கட்டுமா?”

“அம்மா, அது வந்து...”

“பெரிய கவரா வந்துச்சு. எம்புள்ளதான் பேப்பர் அனுப்பிட்டான்னு மாதா படத்துக்கு முன்னாடி வெச்சுக் கும்புட்டுட்டுத் தெறந்தேன். தெறந்தா, எம் மருமவ என் வூட்ட வுட்டுப் போவணுங்கறா. புருசனே ரெண்டாவதாம். அச்சுல! பேரு, வயசு, கதவு நம்பரோட!”

“அண்ணனுக்கு வீடியோல படிச்சுக் காட்டியாச்சு,” என்றான் கொழுந்தன். “பேப்பர் போடறத நிறுத்திட்டேன்னு சொல்லிட்டாரு.”

“சரி, நடந்தது நடந்துபோச்சு,” என்று மாமியார் குரலை மாற்றினார். “நீ ஒன்னு செய்யி. அவ இப்படிச் சொல்லவே இல்ல, நாங்களா எழுதிக்கிட்டோம்னு ஆபீசு சீல் வெச்சு எழுதிக் குடு. எம்புள்ளைகிட்ட நான் பேசிக்கறேன். இல்லேன்னா அவ பாஸ்போர்ட்டு பீரோலயே கெடந்து மக்கட்டும்.”

நான் தலையாட்டிவிட்டு வெளியேறினேன். சமையலறை வாசலில் நின்றவரிடம் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. கேட்க வேண்டியவர் அந்த அறையில் அவர் ஒருவர்தான்.

அலுவலகத்தில் பதிப்பாசிரியரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கொடியவர் அல்லர். அதனால்தான் எனக்கு இவ்வளவு கோபம்.

“அவங்க அதச் சொன்னாங்கல்ல?”

“சொன்னாங்க, சார்.”

“கையெழுத்து இருக்கில்ல?”

“இருக்கு.”

“அப்ப நாம பொய்யா ஒன்னும் போடலயே. சொல்லவே இல்லன்னு சீல் வெச்சுக் குடுத்தா, நாளைக்கு மத்த அட்டையையெல்லாம் எவன் நம்புவான்? இது அவங்க குடும்ப விஷயம்மா. நாம என்ன பண்ண முடியும்?” பிறகு மாதிரிப் பகுதியைக் கையில் எடுத்தார், அந்தப் பக்கத்தைத் திறந்தார். அவர் முகம் கனிந்தது. “ஆனா ஒன்னு சொல்றேன். வேட்கைக்கு இதைவிட நல்ல சான்று நமக்கு இனிமே கிடைக்காது.”

அந்தக் கனிவைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை. அந்த வாக்கியத்தைச் சொன்னவரின் இயந்திரம் பூட்டிக் கிடக்கிறது. வாக்கியம் நன்றாக இருக்கிறது என்கிறார். மூன்று மாதத்துக்கு முன் என் உடல் சிலிர்த்ததும் இதே கனிவால்தான் என்று அந்தக் கணத்தில் எனக்குத் தெரிந்தது. அவர்மீது வந்த கோபம் பாதி வழியில் திரும்பி என்மீது விழுந்தது.

முத்திரை தர அவர் மறுத்துவிட்டதால், வெள்ளைத்தாளில் என் பெயரில் கடிதம் எழுதினேன். ‘வேட்கை என்ற பதிவில் உள்ள வாக்கியம் திருமதி ரொசாலி கூறியதன்று. அது என் கற்பனை. அவர் பெயரை நானே சேர்த்தேன்.’ நம் தொழிலில் இதைவிடப் பெரிய குற்றம் இல்லை. இந்தக் கடிதம் வெளியே வந்தால் ஐந்தாண்டுகளில் நான் எழுதிய அட்டைகள் அனைத்தையும் எடுத்து எறிவார்கள். என் ஆய்வேட்டையும் யாரும் நம்பமாட்டார்கள். எழுதி முடித்ததும் மனம் லேசானது. பிறருக்காக நம்மை இழக்கிறோம் என்ற நினைப்பு தித்திப்பானது. அந்தத் தித்திப்பு வந்தால் உடனே சந்தேகப்படுங்கள்.

மறுநாள் காலை கடிதத்தை மாமியாரிடம் கொடுத்தேன். மூக்குக்கண்ணாடி போட்டு, எழுத்துக் கூட்டாமல், நன்றாகப் படித்தார்.

“சீல் இல்ல. பரவால்ல. கையெழுத்து அழகா இருக்கு,” என்றார். “இப்பதான் ஒழுங்கு.”

“எங்க, குடுங்க பாக்கலாம்,” என்றார் ரொசாலி அக்கா. சமையலறை வாசலிலிருந்து அவர் முன்னறைக்கு வந்ததே அப்போதுதான். கடிதத்தை வாங்கி நின்றபடியே படித்தார். இரண்டு முறை படித்தார். பிறகு என்னைப் பார்த்தார். அவர் நன்றி சொல்லக்கூடும் என்று நான் எதிர்பார்த்தேன் என்பதையும் இங்கே எழுதிவிடுகிறேன், மறைப்பதற்கு ஒன்றுமில்லை.

“யாரக் கேட்டு எழுதின?”

“உங்களுக்காகத்தான் அக்கா...”

“எனக்காகவா? அன்னிக்கு நான் பேசினத எடுத்துட்டுப் போயி ஊருக்குக் காட்டின. போவட்டும், நானும் சிரிச்சுக்கிட்டே கையெழுத்துப் போட்டேன். இன்னிக்கு அது என் பேச்சே இல்லங்கற. உன் கற்பனையாம்! ஏன்டீ, அஞ்சு வருசமா இந்த வூட்டுல நான் வாயத் தொறந்து சொன்னது அது ஒன்னுதான். அதயும் உன் பேர்ல எழுதிக்கிட்டியா?”

அதுவரை அவர் என்னை ஒருமுறைகூட ‘டீ’ போட்டதில்லை.

“ரொசாலி, வாய மூடிக்கிட்டு உள்ள போ,” என்றார் மாமியார். “காரியம் கூடி வர நேரத்துல...”

“அத்தை, நான்தான் சொன்னேன்,” என்றார் அக்கா. குரல் உயரவில்லை. “இந்தப் பொண்ணுக்கு இப்படியெல்லாம் சொல்ல வராது. அவ கேட்டா, நான் சொன்னேன். இப்பவும் சொல்றேன். உங்க புள்ளைக்குப் போன் போடுங்க, அவருகிட்டயும் சொல்றேன்.”

“கேட்டியா? கேட்டியாடா?” என்று மாமியார் கொழுந்தனைப் பார்த்துக் கத்தினார். “மோகம் தலைக்கேறிடுச்சு!”

அக்கா உள்ளே போய்ப் பத்து நிமிடத்தில் ஒரு துணிப்பையோடு வந்தார். கடிதத்தை நான்காக மடித்து என் கையில் வைத்தார். “இத நீயே வெச்சுக்கோ. கிழிக்காத. எப்பெல்லாம் நல்லது செய்யணும்னு தோணுதோ அப்பெல்லாம் எடுத்துப் படி.” வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே, “கூட வராத. ஆட்டோ மட்டும் புடிச்சுக் குடு,” என்றார்.

உழவர்கரையிலேயே தையற்கடை வைத்திருந்த ஒரு தோழியின் வீட்டில் தங்கினார். கடவுச்சீட்டும் சான்றிதழும் பீரோவிலேயே இருந்தன. பத்து நாள் கழித்து எனக்கு அழைப்பு வந்தது.

“மனு எழுதத் தெரியுமா?”

“தெரியும்க்கா.”

“வா. நான் சொல்றத மட்டும் எழுது.”

தோழியின் கடையில், துணிகளை வெட்டும் மேசையில் தாளை வைத்து எழுதினேன். காவல் நிலையத்துக்கான மனு. ஐயா, வணக்கம் என்று தொடங்கி, பழக்கத்தால் ‘என் கணவருடன் சேர்ந்து வாழ விரும்புவதால்’ என்று ஒரு தொடர் எழுதி, படித்துக் காட்டினேன்.

“அது யாரு சொன்னா?”

“இல்லக்கா, காரணம்னு ஒன்னு போட்டாதான்...”

“அடி அத. என் பாஸ்போர்ட்டு, என் கல்யாண சர்டிபிகேட்டு, என் மிஷினு. மூணும் வேணும்னு எழுது.”

“ஏன் வேணும்னு கேப்பாங்களே?”

“என்னுதுன்னு எழுது. அதுக்கு மேல எதுக்குக் காரணம்?”

அடித்தேன், எழுதினேன், மறுபடியும் படித்துக் காட்டினேன். இரண்டு சொற்களை மாற்றச் சொன்னார். மூன்றாம் முறை படித்த பிறகுதான் பேனாவை வாங்கினார். ஐந்தாண்டுகளில் நான் எழுதியவற்றுள் திருத்தமான தமிழ் அந்த ஒரு பக்கம்தான்.

இதற்கிடையில் அலுவலகத்தில் நான் செய்ததையும் சொல்லிவிடுகிறேன். மாதிரிப் பகுதியின் எஞ்சிய படிகளில் அந்தப் பதிவை என்ன செய்வது என்ற பேச்சு எழுந்தது. நீக்கிவிடலாம் என்றனர் சிலர். பெயரை மறைத்துவிடலாம் என்றனர் சிலர். முன்பு எனக்குக் கைதட்டியவர்களும் அவர்களுள் இருந்தார்கள். நான் முதன்முறையாக உரியவரிடம் கேட்டுவிட்டு வந்து சொன்னேன்: வாக்கியம் இருக்க வேண்டும்; பெயரும் இருக்க வேண்டும்; முகவரி மட்டும் கூடாது, ஏனென்றால் அது தம் வீடு இல்லை என்கிறார் ரொசாலி. முகவரி இல்லாத சான்று குறையுடையது என்றார் பதிப்பாசிரியர். முகவரியால் ஒருவரின் வாழ்க்கை குறைந்துபோனது உங்களுக்குக் குறையாகத் தெரியவில்லையா என்று கேட்டேன். கேட்டது உரத்த குரலில். அறையில் யாரும் கைதட்டவில்லை. எஞ்சிய படிகளில் முகவரியை மை பூசி மறைத்தேன். ஆனால் முதல் தொகுதிக்கான கோப்பில் அது இன்னும் இருக்கிறது. அடுத்த கூட்டத்தில் பேசலாம் என்று இரண்டு கூட்டங்களைக் கடத்திவிட்டார்கள். நான் போன பிறகு அந்தக் கோப்பு உங்கள் கைக்கு வரும். நீக்குங்கள். அனுமதி கேட்டுக்கொண்டிருக்காதீர்கள், அனுமதி தர வேண்டியவர் தந்துவிட்டார்.

இன்னொன்று. பேசியவருக்கு அவர் பேச்சைப் படித்துக் காட்டாமல், அது எங்கே, யார் பெயரில், எந்த வடிவில் வெளியாகும், யார் கைக்குப் போகும் என்று அவருக்குப் புரியும் தமிழில் சொல்லாமல், ஒரு கையெழுத்தும் வாங்காதீர்கள். நேரமாகும். ஆகட்டும். அகராதி எப்படியும் காலம் கடந்துதான் வரும்.

மனு கொடுத்த மறுநாள் பெண் துணை ஆய்வாளர் இரு தரப்பையும் நிலையத்துக்கு வரச் சொன்னார். மாமியார் வரவில்லை. கொழுந்தன் மட்டும் வந்தான். அக்காவோடு நானும் போயிருந்தேன்.

“மனுவுல காரணமே எழுதலியேம்மா?” என்று துணை ஆய்வாளர் அக்காவிடம் கேட்டார்.

“என்னுதுன்னு எழுதியிருக்கேனே மேடம்.”

துணை ஆய்வாளர் மனுவை இன்னொரு முறை பார்த்தார். பிறகு கொழுந்தனைப் பார்த்தார். “அவங்களோடதா, உங்களோடதா?”

“அவங்களோடதுதான், ஆனா...”

“ஆனா என்ன ஆனா? போயி எடுத்துட்டு வாங்க. மிஷின் நாளைக்கு வரணும்.”

ஒரு மணி நேரத்தில் அவன் திரும்பி வந்தான். கடவுச்சீட்டையும் சான்றிதழையும் மேசைமேல் எறிந்தான். கணவர் ஆவணம் எதையும் இனி அனுப்பப் போவதில்லை என்று அவரே துணை ஆய்வாளரிடம் கைப்பேசியில் சொல்லிவிட்டிருந்தார். ஆகவே அந்தக் கடவுச்சீட்டால் பிரான்சுக்குப் போக வழியில்லை என்பது அறையில் இருந்த எல்லோருக்கும் தெரியும்.

“இந்தா, வெச்சுக்கோ. இத வெச்சுக்கிட்டு எங்க போவே? எந்த ஊரு உன்னச் சேத்துக்கும்?”

அக்கா கடவுச்சீட்டைத் திறந்து படம் இருந்த பக்கத்தைச் சரிபார்த்தார். முடிவுத் தேதியைச் சரிபார்த்தார். சான்றிதழை அதனுள் வைத்து, இரண்டையும் கைப்பைக்குள் போட்டு மூடினார். பிறகு அவனை நேராகப் பார்த்து, எங்கே போகப் போகிறேன் என்பதைச் சொன்னார். ஒரே வாக்கியம். துணை ஆய்வாளர் எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தார். கொழுந்தன் வாசலை நோக்கி நடந்தான்.

வேட்கை என்ற பதிவில் உள்ள அத்தனை சான்றுகளையும்விட அது வலிமையானது. இந்தக் குறிப்பை உங்களிடம் தருவதற்கு முன் முழுவதையும் ரொசாலி அக்காவிடம் படித்துக் காட்டினேன். தம் பெயர் இருக்கட்டும் என்றார். மாமியாரின் பேச்சில் எதையும் குறைக்க வேண்டாம் என்றார். கொழுந்தனிடம் அவர் சொன்ன அந்த வாக்கியம் வந்ததும் கையை உயர்த்தித் தடுத்தார்.

“அது வேணாம். அது எனக்கு.”

அதை நான் எடுத்துவிட்டேன்.